எதிர்வீட்டு எக்ஸ்

நான் தமிழ் இலக்கியத்தில் எம்.ஏ. பத்தாம் வகுப்பில் பெயில். இந்த இரண்டையும் வரிசை மாற்றிச் சொன்னால் முன்னேற்றத்தின் கதை மாதிரித் தெரியும். ஆனால் என் விஷயத்தில் இரண்டும் ஒரே நேரத்தில் உண்மையாக இருந்தன. பழைய பாவங்களைத் தோண்டித் துருவாமல் வயது வந்தோரைச் சேர்த்துக்கொள்ளும் திறந்தநிலைப் படிப்பு ஒன்று இருந்தது. பத்தாம் வகுப்புக் கணக்கை ஓரமாகச் சுற்றிக்கொண்டு போய் நேராகப் பட்டத்தில் இறங்கினேன். கணக்கு அங்கேயே நின்று எனக்காகக் காத்திருந்தது.

திருமங்கலம் சாலையில் ஒரு கல்லூரி நூலகத்தில் கடைநிலை ஊழியன் நான். திரும்பி வந்த புத்தகங்களை அடுக்குவது வேலை. அடுக்குவதற்கு முன் கொஞ்சம் படித்துப் பார்ப்பேன் என்பதால் என் வேலை எப்போதும் மெதுவாகவே நடக்கும். படித்ததைச் சொல்ல மட்டும் ஆள் கிடையாது. என்ன படிக்கலாம் என்று வருகிறவர்கள் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிற உதவியாளரைத்தான் கேட்பார்கள். அவர் கணினியைப் பார்த்து, இருக்கிறது, இல்லை என்று இரண்டு பதிலில் ஒன்றைச் சொல்வார். புத்தகக் கட்டோடு பக்கத்தில் நிற்கும் எனக்கு, 'அதை விடுங்க, இதைப் படிங்க' என்று நாக்கு நுனிவரை வரும். நாற்காலி இல்லாதவன் சொன்னால் யார் கேட்பார்கள்?

அந்த உதவியாளர் ஓய்வு பெறப்போகிறார் என்று தெரிந்த அன்று அலுவலகக் கண்காணிப்பாளர் என்னைக் கூப்பிட்டார்.

"அந்த எடம் உங்களுக்குத்தான் வரணும். சீனியாரிட்டி இருக்கு. பத்தாவது மார்க் ஷீட்டை மட்டும் கொண்டாங்க."

"எம்.ஏ. சர்டிபிகேட் இருக்கு சார்."

"அது மாடி. நான் கேக்குறது படிக்கட்டு." பேனாவை மூடி வைத்தார். "கணக்கு ஒண்ணுதான? துணைத்தேர்வு எழுதுங்க. ரிசல்ட் வர்ற வரைக்கும் எடத்தை நிறுத்தி வைக்கிறேன். அதுக்கு மேல என் கையில இல்ல."

மாலைக்குள் விஷயம் கேண்டீன்வரை போய்விட்டது. முதலில் 'எம்.ஏ. மைனஸ் டென்த்' என்றார்கள். அது நீளமாக இருந்ததால் இரண்டே நாளில் சுருங்கியது.

"மைனஸ் அண்ணே, டீயா காபியா?"

டீ என்றேன். அந்தப் பெயரை ஏற்றுப் பதில் சொல்லிவிட்டேன் என்பது குடித்து முடித்தபிறகுதான் உறைத்தது. அன்றே டவுன் பஸ் பிடித்து சிம்மக்கல்லில் இறங்கி, ஒரு மொத்த வியாபாரக் கடையின் மாடியில் இருந்த டுட்டோரியலில் சேர்ந்தேன்.

அங்கே கணக்கு எடுத்த டீச்சருக்கு முப்பதைத் தாண்டியிருக்கும். என்னைவிட இளையவர், ஆனால் என்னைப் பார்த்துத் தயங்கவில்லை. "அண்ணே, முதல் பெஞ்சுக்கு வாங்க. வயசானவங்களுக்குக் கடைசி பெஞ்ச் கிடையாது" என்றார். முதல் பெஞ்சில் ஏற்கெனவே ஒருவர் உட்கார்ந்திருந்தார். என் வயசுதான் இருக்கும். பந்தல், நாற்காலி வாடகைக்கு விடுகிறவர். மகள் என்ஜினியர். மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"வர்றவன் எல்லாம் 'பொண்ணோட அப்பா என்ன படிச்சிருக்காரு'ன்னு கேக்குறான் மாப்ள. ஒம்பதாவதுன்னு சொன்னா அவன் மூஞ்சி போற போக்கு எனக்குப் பிடிக்கல. பத்தாவதுன்னு சொல்லிட்டா வாயை மூடிக்கிருவான்" என்றார். முதல் சந்திப்பிலேயே நான் அவருக்கு மாப்ள ஆகியிருந்தேன்.

குறை எண்களில் ஆரம்பித்தோம். சுழியத்துக்குக் கீழே இருப்பதைப் பாடநூல் குறை எண் என்கிறது. எனக்கு அந்தப் பெயரிலேயே ஒரு பரிவு வந்தது. பிறக்கும்போதே குறை சொல்லிப் பெயர் வைக்கப்பட்ட எண்கள். கேண்டீனில் எனக்கு நடந்தது அவற்றுக்குப் பாடநூலிலேயே நடந்திருக்கிறது.

அடுத்து ஒரே படியில் தீர்க்கும் சமன்பாடுகள். x + 4 = −3 என்பது போல. இங்கேதான் என் படிப்பு குறுக்கே வந்தது. சமக்குறியைப் பார்த்த மாத்திரத்தில் எனக்கு ஓர் உவமை தோன்றிவிட்டது. மேலே ஒரு கோடு, கீழே ஒரு கோடு, நடுவில் ஒன்றுமே இல்லை. வைகையேதான். இக்கரையில் கூட்டலாக இருப்பது ஆற்றைக் கடந்து அக்கரைக்குப் போனால் கழித்தலாகிவிடும், கழித்தல் போனால் கூட்டலாகிவிடும். பழைய பள்ளிக்கூடத்தில் 'அந்தப் பக்கம் போனா குறி மாறும்' என்று மொட்டையாகச் சொன்னதற்கு ஓர் ஆறே கிடைத்துவிட்டது. நாலு அக்கரைக்குப் போகிறது, கழித்தல் நாலாகிறது. x = −3 − 4 = −7. டீச்சர் சரி என்று டிக் அடித்தார். பஸ்ஸில் திருநகர் வீடு வரை அந்த உவமையை நினைத்து நானே சிரித்துக்கொண்டு வந்தேன்.

மறுநாள் −4x = 20 வந்தது. கழித்தல் நாலை ஆற்றில் இறக்கினேன். தண்ணீர் இல்லாததால் சிரமமில்லாமல் அக்கரை சேர்ந்து, வழக்கப்படி குறி மாறி, கூட்டல் நாலாகி, இருபதை வகுத்தது. x = 5.

பந்தல்காரர் என் தாளை எட்டிப் பார்த்தார். "மைனஸ் அஞ்சுல்ல மாப்ள வரணும்?"

"குறி மாறும்ணே. அக்கரை போயிருச்சுல்ல."

"அது எப்படி மாறும்? ஒரே ஒரு மைனஸ்தான இருக்கு? ரெண்டு மைனஸ் சேந்தாத்தான் பிளஸ் ஆகும்."

அவரிடம் இருந்த ஒரே சட்டம் அதுதான். எங்கே இரண்டு கழித்தல் குறியைப் பார்த்தாலும் கல்யாணம் செய்துவைத்துப் பிளஸ் ஆக்கிவிடுவார். முந்தின நாள் −3 − 4 என்பதைப் பார்த்ததும் கூட்டல் ஏழு என்று அவர் எழுதியது அப்படித்தான். அன்று நான் சரி, அவர் தப்பு. இன்று அவர் சரி, நான் தப்பு. எங்கள் இருவரையும் ஒட்டவைத்தால் ஒரு முழு மாணவன் தேறுவான். ஆனால் தேர்வுத் துறை இருவருக்கும் சேர்த்து ஒரு நுழைவுச்சீட்டு தராது.

டீச்சர் இரண்டு தாள்களையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"அண்ணே, இந்தக் கழித்தல் நாலு அங்கிட்டு எப்படிப் போச்சு?"

நான் வைகையை விளக்கினேன். நன்றாகவே விளக்கினேன் என்று நினைக்கிறேன். பின் பெஞ்சில் ஒருவர் கைகூடத் தட்டினார். டீச்சர் தட்டவில்லை.

"சரி. உங்க அஞ்சைக் கொண்டாந்து x ஒக்காந்திருந்த நாற்காலியில ஒக்கார வைங்க. கழித்தல் நாலு பெருக்கல் அஞ்சு?"

"கழித்தல் இருபது."

"அங்கிட்டு என்ன இருக்கு?"

"இருபது."

"அம்புட்டுதான். உங்க ஆறு பொய் சொல்லுது." சாக்பீஸைக் கீழே வைத்தார். "இன்னையிலருந்து இந்த கிளாஸ்ல 'போகுது', 'வருது', 'சேருது' எதுவும் கிடையாது. எந்த எண்ணும் எங்கிட்டும் போகாது. நாமதான் ரெண்டு பக்கமும் ஒரே காரியத்தைச் செய்யுறோம். கூட்டுறோம், கழிக்கிறோம், பெருக்குறோம், வகுக்கிறோம். வாயால சொல்லிட்டு அப்புறம் எழுதுங்க."

பந்தல்காரருக்கு இது பிடித்துவிட்டது. "பொண்ணு வீட்டுக்கு நூறு சேர் போட்டா மாப்பிள்ளை வீட்டுக்கும் நூறு சேர். இல்லாட்டி சண்டை. இதை முன்னமே சொல்லலாம்ல டீச்சர்?" என்றார். எனக்குத்தான் கஷ்டமாக இருந்தது. வாழ்க்கையில் நான் சொந்தமாகக் கட்டிய ஒரே ஆறு வற்றிப்போயிற்று. ஏற்கெனவே வற்றியதுதான் என்றாலும்.

அன்று பஸ்ஸில் ஒரு முடிவுக்கு வந்தேன். தேர்வு முடியும்வரை உவமை கிடையாது. என் போன்ற ஆளுக்கு இது சிகரெட்டை விடுவது மாதிரி. கல்லூரி போகும்போது பஸ் ஜன்னலுக்கு வெளியே பார்க்கமாட்டேன். பார்த்தால் ஏதாவது ஒன்று இன்னொன்று போலத் தெரிந்துவிடும். குனிந்து, முணுமுணுத்துக்கொண்டே போவேன். 'இரண்டு பக்கமும் ஆறைக் கூட்ட. இரண்டு பக்கமும் கழித்தல் மூன்றால் வகுக்க.' பக்கத்து இருக்கைக்காரர் ஒருவர் இதை மந்திரம் என்று நினைத்து, எந்தக் கோயிலில் கொடுத்தார்கள் என்று கேட்டார். சிம்மக்கல் என்றேன்.

வீட்டில் மனைவி தையல் மிஷினில் உட்கார்ந்தபடியே என்னைக் கவனித்துவந்தாள். அவள் உசிலம்பட்டிப் பக்கம். பத்தாம் வகுப்பை முதல் தடவையிலேயே பாஸ் செய்தவள். அதை அவள் வாயால் சொன்னதே கிடையாது. ஆனால் அந்தச் சான்றிதழை எனக்கு நேரே தெரியும்படி துடைத்து வைக்க ஆரம்பித்திருந்தாள்.

"என்னங்க, இம்புட்டு வருசமா கதை படிச்சுக்கிட்டே பாலைப் பொங்க விடுவீங்க. இப்பக் கணக்குப் போட்டுக்கிட்டே பொங்க விடுறீங்க. எம்.ஏ. படிச்சவரு அடுப்பை அணைக்க மட்டும் எந்தப் பல்கலைக்கழகத்துல கத்துக்கப்போறீங்க?"

அணைத்தேன்.

டீச்சரின் முறையில் மெல்ல மெல்ல எல்லாம் வந்தது, ஒன்றைத் தவிர. −x = 9. பார்த்தால் இதைவிடச் சின்னச் சமன்பாடு இருக்க முடியாது. அந்தப் பக்கம் ஓர் எழுத்து, இந்தப் பக்கம் ஓர் எண். கூட்ட எண் இல்லை, வகுக்க எண் இல்லை. வெறும் ஒரு கழித்தல் குறி மட்டும் சட்டைப் பித்தான் போல (மன்னிக்கவும், இது தேர்வு முடிந்தபிறகு எழுதுவது) x முன்னால் ஒட்டிக்கொண்டிருந்தது.

நான் ஒவ்வொரு முறையும் x = 9 என்றே எழுதினேன். பழைய ஆறு எனக்குத் தெரியாமல் உள்ளே ஓடிக்கொண்டிருந்தது. அந்தக் குறி அக்கரைக்குப் போய்ப் பிளஸ் ஆகிவிட்டது என்று கை தானாக எழுதியது. பந்தல்காரர் அந்த இடத்தை வெறுமையாக விட்டார். "நம்பரே குடுக்காம கணக்குப் போடச் சொல்றது நியாயமே இல்ல டீச்சர்."

"ரெண்டு பக்கமும் கழித்தல் ஒன்றால் பெருக்குங்க. x = −9. முடிஞ்சது" என்றார் டீச்சர்.

முடிந்தது அவருக்கு. எனக்கு அந்தக் கழித்தல் ஒன்று எங்கிருந்து வந்தது என்பதே விளங்கவில்லை. கணக்கில் எங்கும் காணாத ஓர் ஆள், பத்திரிகை வைக்காத கல்யாணத்துக்கு வந்து முதல் பந்தியில் உட்கார்ந்த மாதிரி இருந்தது. அவர் சொன்னதும் போடுவேன். மறுநாள் அதே கணக்கைப் பார்த்ததும் கை x = 9 என்று எழுதிவிடும். மாதிரித் தேர்வில் மூன்று இடங்களில் அதே தப்பு. முப்பத்தைந்து வாங்கினால் பாஸ். எனக்கு முப்பத்திரண்டு.

"அண்ணே, மத்தது எல்லாம் நல்லா வந்திருக்கு. இந்த ஒண்ணுதான் உங்களைக் கீழ இழுக்குது. பெரிய கணக்கு எதை எடுத்தாலும் கடைசிப் படியில இவன் வந்து நிப்பான்" என்றார் டீச்சர்.

இந்த ஒன்றுக்காக நாற்காலியை விடமுடியாது என்று சொல்லிக்கொண்டேன். தேர்வுக்கு ஒரு வாரம்கூட இல்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை, வெயில் ஏறுவதற்கு முன், வாசலில் நாற்காலி போட்டு −x = 9ஐ முறைத்துக்கொண்டிருந்தேன். மனைவி காம்பவுண்டு ஓரம் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். பார்சல் கொண்டுவருகிற ஒருவர் பைக்கை நிறுத்தினார். மீசை பாதி நரைத்தவர், தெருவுக்குப் புதுசு.

"அக்கா, வீட்டு நம்பர் அழிஞ்சுபோச்சு. போன் போட்டா, 'எங்க வீட்டுக்கு எதுத்த வீடு ஒம்பதாம் நம்பரு'ன்னு சொல்லிட்டு வச்சிட்டாக. ஒம்பது எங்கிட்டு இருக்கு?"

"அந்தா, பச்சை கேட்டு."

அவர் வண்டியை விட்டுவிட்டு நேராகப் பச்சை கேட்டுக்குப் போனார். மணி அடித்தார். உள்ளே இருந்து அந்த வீட்டம்மாள் வந்து, பார்சல் என்றதும் யோசிக்காமல் கையை நீட்டினார். இங்கிருந்து என் மனைவி ஈரத்துணியோடு கத்தினாள்.

"அண்ணே! ஒம்பதுல குடுக்காதீங்க! அவுக வீட்டுக்கு எதுத்ததுதான் ஒம்பது. அப்ப அவுக ஒம்பதுக்கு எதுத்தாப்லல்ல இருப்பாக! திரும்பிப் பாருங்க!"

அவர் திரும்பிப் பார்த்தார். தெருவின் இந்தப் பக்கம், எங்கள் வீட்டுக்கு இரண்டு வீடு தள்ளி, ஒருவர் கையை ஆட்டிக்கொண்டு நின்றார்.

நான் எழுந்து நின்றுவிட்டேன். அந்தப் பார்சல்காரர் செய்தது என் தப்பு. அச்சு அசலாக என் தப்பு. x-இன் எதிர்வீடு ஒன்பது என்று சொன்னால், ஒன்பதிலேயே போய் மணி அடிக்கிறேன். ஒன்பதாம் வீட்டு அம்மாளும் கூசாமல் வாங்கிக்கொள்கிறார். கழித்தல் குறி என்றால் எதிர்வீடு. எதிர்வீட்டுக்கு எதிர்வீடு நம் வீடு. −x என்பது 9 என்றால், x இருப்பது 9-க்கு எதிர்ச்சாரியில். தெருதான் சுழியம். கழித்தல் ஒன்றால் பெருக்குவது என்பது அழையாத ஆள் வருவது இல்லை. என் மனைவி கத்தியதுதான், 'திரும்பிப் பாருங்க' என்று.

"என்னங்க, பேயறைஞ்ச மாதிரி நிக்கிறீங்க?"

"ஒண்ணுமில்ல. நீ இன்னொரு தடவை கத்து."

"எதுக்கு?"

"கத்தேன்."

அவள் கத்தவில்லை. கூடையை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். உவமை வேண்டாம் என்ற விரதத்தை முறித்துவிட்டேனோ என்று ஒரு கணம் யோசித்தேன். இல்லை, இது உவமை இல்லை, முகவரி. முகவரி எழுத எல்லோருக்கும் உரிமை உண்டு.

மாலை சிம்மக்கல்லில் டீச்சரிடம் சொன்னேன். சாக்பீஸைக் கையில் உருட்டிக்கொண்டே கேட்டார்.

"−x = −5?"

"x-க்கு எதுத்த வீடும், அஞ்சுக்கு எதுத்த வீடும் ஒண்ணுதான். அப்ப x-தான் அஞ்சு."

"சரிபாத்தீங்களா?"

அஞ்சை நாற்காலியில் உட்கார வைத்துப் பார்த்தேன். உட்கார்ந்தது.

"நல்லது. ஆனா பேப்பர்ல எதுத்த வீடுன்னு எழுதிவைக்காதீங்க. திருத்துறவங்க எந்தத் தெருன்னு கேப்பாங்க. இரண்டு பக்கமும் கழித்தல் ஒன்றால் பெருக்கன்னு எழுதுங்க."

பந்தல்காரர் தலையைச் சொறிந்தார். "என் வீட்டுக்கு எதுத்தாப்ல காலி பிளாட்டு. அதுக்கு என்ன நம்பர் மாப்ள?" சுழியமாக இருக்குமோ என்று நான் யோசிப்பதற்குள் டீச்சர் அடுத்த கணக்குக்குப் போய்விட்டார்.

தேர்வு நாளன்று அறைக்குள் நுழைந்ததும் மேற்பார்வையாளராக வந்திருந்த ஆசிரியர் எழுந்து நின்று, "வாங்க சார், நீங்க எந்த ஸ்கூல்லருந்து வாரீங்க?" என்றார். நான் நுழைவுச்சீட்டைக் காட்டினேன். அவர் உட்கார்ந்தார். நான் அவரை உட்கார வைத்த முதலும் கடைசியுமான தருணம் அது.

முதல் பாதி போனதே தெரியவில்லை. ஐந்து மதிப்பெண் கேள்வி ஒன்றில், ஓர் எண்ணின் இரு மடங்கிலிருந்து அதன் மும்மடங்கைக் கழித்தால் பதினான்கு என்று வந்தது. அந்த எண்ணைக் கேட்டிருந்தார்கள். 2x − 3x = 14. இதுவரை வந்துவிட்டேன். அடுத்த வரியில், டீச்சர் சொன்ன மாதிரியே, அவன் வந்து நின்றான். −x = 14.

கை பழக்கப்படி x = என்று எழுதி, ஒன்றைப் போட்டு, நாலுக்குப் போய்க்கொண்டிருந்தது. நிறுத்தினேன். பேனாவை மேசைமேல் வைத்துவிட்டு இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டேன். பச்சை கேட்டும் நீட்டிய கையும் கண்ணுக்கு முன்னால் வந்தன. திரும்பிப் பாருங்க. எழுதியதை அடித்துவிட்டு, 'இரண்டு பக்கமும் −1 ஆல் பெருக்க' என்று என் கையெழுத்திலேயே மிக அழகாக எழுதினேன். x = −14.

அதோடு விடவில்லை. கழித்தல் பதினான்கைக் கேள்வியிலேயே கொண்டுபோய் உட்கார வைத்தேன். இரு மடங்கு, கழித்தல் இருபத்தெட்டு. மும்மடங்கு, கழித்தல் நாற்பத்திரண்டு. அதைக் கழித்தால், கழித்தலைக் கழிப்பது கூட்டுவது, பந்தல்காரரின் கல்யாணம் செல்லுபடியாகும் இடம். நாற்பத்திரண்டிலிருந்து இருபத்தெட்டு போக, பதினான்கு. 'சரிபார்த்தல்' என்று தலைப்பிட்டு அதையும் எழுதினேன். மேற்பார்வையாளர் தாளைக் கேட்டபோது அந்த ஒரு விடை சரி என்பதில் எனக்குத் துளியும் சந்தேகம் இல்லை. மற்றவற்றை ஆண்டவன் பார்த்துக்கொள்ளட்டும் என்று விட்டேன். அவர் எவ்வளவு கணக்குப் படித்திருக்கிறார் என்று தெரியாது.

வெளியே பந்தல்காரர் கேட்டருகே நின்றார். "மாப்ள, மைனஸ் பதினாலுதான?"

"மைனஸ் பதினாலுதான்ணே."

"போதும். மத்ததைப் பேசவேண்டாம்." டீ வாங்கிக் கொடுத்தார்.

முடிவு வந்த அன்று நூலகக் கணினியில் எண்ணை அடித்தேன். முப்பத்தெட்டு. தேர்ச்சி.  பார்த்தது போதாதென்று அதே விசையை இன்னொரு தடவை அழுத்தினேன். பந்தல்காரருக்குப் போன் போட்டேன். அவருக்கு ஐம்பத்திரண்டு. "என்ன மாப்ள, எம்.ஏ.வுக்கு முப்பத்தெட்டா?" என்று நெடுநேரம் சிரித்தார். அவர் எத்தனை தடவை வேண்டுமானாலும் சிரிக்கலாம் என்று விட்டேன்.

அலுவலகக் கண்காணிப்பாளர் அறைக்குக் கிளம்பும் முன் டீச்சரைப் போனில் கூப்பிட்டேன்.

"டீச்சர், பாஸ் ஆயிட்டேன்."

"சந்தோசம்ணே." உடனே கேட்டார். "சரிபாத்தீங்களா?"

திரும்பி வந்து கணினிக்கு முன்னால் உட்கார்ந்தேன். பதிவெண்ணை ஒவ்வோர் இலக்கமாக வாய்விட்டுப் படித்தேன். பிறந்த தேதியைச் சீட்டோடு ஒப்பிட்டேன். பாடம் கணக்குதானா என்று பார்த்தேன். கணக்குதான். முப்பத்தெட்டுக்கு முன்னால் கழித்தல் குறி எதுவும் இல்லை என்பதையும் பார்த்துக்கொண்டேன். சரியாக இருந்தது. அதன்பிறகுதான் படியேறினேன்.

மேசைக்குப் பின்னால் உட்கார்ந்த முதல் வாரம், புத்தகம் தேடி வந்த பேராசிரியர் ஒருவர் கணினியைப் பார்க்கச் சொன்னார். நான் பார்க்கவில்லை. "அது இருக்கு சார். ஆனா அதை விடுங்க, இதைப் படிங்க" என்று வேறொன்றை நீட்டினேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டு வாங்கிக்கொண்டு போனார். கேண்டீன்காரர் மட்டும் பெயரை மாற்றவில்லை.

"மைனஸ் அண்ணே, டீயா காபியா?"

"மைனஸ்னா என்னன்னு தெரியுமாய்யா உனக்கு?" என்று கேட்டு, எதிர்வீட்டை விளக்க ஆரம்பித்தேன். பாதியிலேயே அவர் டீயை வைத்துவிட்டு நகர்ந்துவிட்டார். நாளைக்கு மீதியைச் சொல்லாமல் விடுவதாக இல்லை.